கமலாசனி அக்கா வெயிலுக்கு முதுகு கொடுத்த நாள்

பாடசாலைக்குப் போவதற்காகச் சைக்கிளை முற்றத்தில் இறக்கிக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது. இயக்குநர் சுதர்சன். காலை ஏழு மணிக்கு முன் அவர் விழித்திருப்பார் என்பதே எனக்குப் புதிய செய்தியாக இருந்தது.

"ரீச்சர், அக்கா எங்களை விட்டிட்டுப் போட்டா."

"எந்த அக்கா?"

"எங்கடை கமலாசனி அக்காதான். விடிய எழும்பித் தேத்தண்ணி குடிச்சிட்டுக் கதிரையிலை இருந்தவவாம். பக்கத்து வீட்டு ஆக்கள் வந்து கூப்பிடேக்கை பேச்சில்லையாம்."

"வடிவாப் பாத்தவையே?"

அப்படிக் கேட்டதற்காகப் பிறகு வெட்கப்பட்டேன். ஆனால் அவரோடு வேலை செய்தவர்கள் என்னை மன்னிப்பார்கள். ஐம்பது ஆண்டுக்கு மேற்பட்ட திரை வாழ்க்கையில் அவர் இறந்துபோகிற காட்சிகள் பல. குண்டு பட்டும், காய்ச்சல் கண்டும், வெளிநாட்டு மகனின் கடிதம் வராத ஏக்கத்திலும் இறந்திருக்கிறார். ஒவ்வொரு தடவையும் கமரா நின்றதும் எழுந்து, சேலையைத் தட்டிவிட்டு, "தேத்தண்ணி எங்கை?" என்று கேட்டவர். "டொக்டர் வந்து பாத்திட்டார், ரீச்சர்" என்று சுதர்சன் சொன்ன பிறகுதான் சைக்கிளைச் சுவரில் சாத்தினேன்.

மறுநாள் சண்டிலிப்பாயில், புகையிலைத் தோட்டங்களுக்கு நடுவே இருக்கும் அவருடைய வீட்டில், உறவினர்கள் வரிசையாகப் போட்ட கதிரைகளில் இருந்தார்கள். பத்து மணியளவில் ஒரு வான் வந்து நின்றது. வடக்குக் கரையிலிருந்து வந்த பெண்கள் இறங்கினார்கள். உறவினர் ஒருவர் முன்னால் வந்த பெண்ணிடம், "நீங்கள் எந்த வழியிலை சொந்தம்?" என்று கேட்டார்.

"சொந்தமில்லை" என்றார் யோகம். "அவவின்ரை படத்திலை வேலை செய்த ஆக்கள்." பிறகு ஒருவரும் சொல்லாமலே தலைமாட்டில் போய் இருந்தார். யார் அந்த யோகம், அவர் ஏன் தலைமாட்டில் இருக்க உரிமையுள்ளவர் என்பதை எழுதத்தான் இந்தக் கட்டுரை.

உங்களில் பெரும்பாலானவர்களுக்குக் கமலாசனி அக்கா அழுகிற அம்மா. போருக்குப் பிறகு யாழ்ப்பாணத்தில் எடுக்கப்பட்ட குறும்படங்களில் ஒரு தாய் தேவைப்பட்டால் அவரைத்தான் கூப்பிட்டார்கள். வயதில் மூத்த சிலருக்கு, கறுப்பு வெள்ளைப் படமொன்றில் தாவணியோடு கிணற்றுக் கட்டில் இருக்கும் பெண்ணாகவும் நினைவிருக்கலாம். எனக்கு அவர் இந்த இரண்டில் ஒருவராகவும் அறிமுகமாகவில்லை. சண்டைக்கு வந்தவராகவே அறிமுகமானார்.

உயர்தர வகுப்புக்குப் பொருளியல் கற்பிப்பது என் தொழில். இடையிடையே உள்ளூர்ச் சஞ்சிகை ஒன்றுக்குத் திரைப்பட விமர்சனம் எழுதுவேன். அவர் நடித்த ஒரு படத்தைப் பற்றி இப்படி எழுதியிருந்தேன்: "கமலாசனி முதற் காட்சியில் அழத் தொடங்கி இறுதிக் காட்சியில் நிறுத்துகிறார். இடையில் என்ன நடந்தது என்று அவருக்கும் தெரியவில்லை, எங்களுக்கும் தெரியவில்லை." எழுதும்போது அந்த வாக்கியம் எனக்குப் பிடித்திருந்தது. ஒரு வாரம் கழித்து, ஞாயிறு காலை, மானிப்பாயில் என் வீட்டுப் படலையில் குடையோடு ஒரு பெண் நின்றார்.

"நீர்தானே உதை எழுதினது?"

"ஓம்."

"உள்ளுக்கை வரலாமோ, இல்லாட்டி வாசலிலை நிண்டே சண்டை பிடிப்பமோ?"

உள்ளே வந்தவர் நான் காட்டிய கதிரையில் இருக்கவில்லை. அதைத் தூக்கி யன்னலருகே போட்டு, சற்றுச் சரித்து வைத்துக்கொண்டு இருந்தார். வெளிச்சம் அவர் முகத்தில் பாதியில் விழுந்தது. அது காற்றுக்காக என்று நினைத்தேன். கைப்பையிலிருந்து என் கட்டுரையை வெட்டிய துண்டை எடுத்தார்.

"மூண்டு தரம் வாசிச்சனான். முதல் தரம் கோவம் வந்தது. ரண்டாந் தரம் அழுகை வந்தது. மூண்டாந் தரம்தான் விளங்கிச்சுது, நீர் எழுதினது சரி. இடையிலை என்ன நடந்ததெண்டு எனக்குத் தெரியாது. உண்மையைச் சொன்னால் அந்த டைரக்டருக்கும் தெரியாது."

நான் தேநீர் போட எழுந்தேன். "இரும்" என்றார். "எனக்கு எழுபது முடிஞ்சுது. சாகமுதல் ஒருக்கா, அழாத ஒரு பொம்பிளையா நடிக்கவேணும். முழுப் படத்திலையும் அவதான் வரவேணும். ஒருத்தரும் எனக்கு அப்பிடி எழுதித் தரமாட்டினம். அதாலை நானே எடுக்கப் போறன். நீர் வந்து பிழை பிடியும்."

"எனக்குப் படம் எடுக்கத் தெரியாதே."

"தெரிஞ்ச ஆக்களோடை ஐம்பது வருசம் நிண்டு பாத்திட்டன். பிழை பிடிக்கத் தெரிஞ்ச ஒரு ஆளைக் காணேல்லை."

'அம்மா' என்று அவரை அழைத்தபோது கையைத் தூக்கித் தடுத்தார். "அதைப் படத்திலை கூப்பிட்டதே காணும். அக்கா எண்டு சொல்லும்."

நான் உடனே சம்மதிக்கவில்லை. யாழ்ப்பாணத்தில் படம் எடுக்கப்போகிறேன் என்று சொல்கிறவர்களை எனக்கு நிறையத் தெரியும். எடுத்தவர்களைக் கொஞ்சம்தான் தெரியும். ஆனால் மூன்று வாரத்தில் சுதர்சனையும் ஒரு கதையின் எழுத்துப் பிரதியையும் கூட்டிக்கொண்டு திரும்ப வந்தார். நான் சிவப்புப் பேனாவால் கோடு போட்ட பக்கங்களை எல்லாம் வரிசையாக ஏற்றுக்கொண்டார். ஒரு பக்கத்துக்கு மட்டும் சண்டை பிடித்தார். அந்தச் சண்டையில் அவர் வென்றார். அவர் சொன்னதுதான் சரி.

படத்துக்கான இடம் பார்க்க நாங்கள் பஸ்ஸில் போய்வந்த நாட்களில்தான் அவருடைய தொழில் வரலாற்றைத் துண்டு துண்டாகக் கேட்டேன். பதினேழு வயதில், கொழும்பிலிருந்து படம் எடுக்க வந்த குழு ஒன்று, கதாநாயகியின் தோழியாக அவரைச் சேர்த்துக்கொண்டது. வயதான கமராக்காரர் ஒருவர் அந்தக் குழுவில் இருந்தார். பிலிம் சுருள் அருமையான காலம். ஒரு காட்சியை ஒரு தடவைக்கு மேல் எடுக்க மாட்டார்கள். வெள்ளித்தாள் ஒட்டிய பலகைகளால் வெயிலைத் திருப்பி முகத்தில் விழுத்துவார்கள். அந்தக் கமராக்காரர் அவரைக் கூப்பிட்டு, "வெளிச்சம் உன்னைத் தேடி வராது, பிள்ளை. நீதான் அதுக்குள்ளை போய் நிக்கவேணும். போறது ஒருத்தருக்கும் தெரியவும் கூடாது" என்றாராம்.

அன்றிலிருந்து அக்கா பழகினார். கண்ணை மூடிக்கொண்டு, கன்னத்தில் படும் சூட்டை வைத்து வெளிச்சம் எங்கே என்று சொல்லுவார். சந்தேகப்பட்டு நான் பஸ்ஸிலேயே சோதித்துப் பார்த்தேன். கண்களைக் கைக்குட்டையால் கட்டிவிட்டு, பஸ் திரும்புகிற ஒவ்வொரு முடக்கிலும் கேட்டேன். ஒரு தடவையும் பிழைக்கவில்லை. பக்கத்து இருக்கைக்காரர், "அம்மாவுக்குக் கண் ஒப்பிரேசனோ?" என்று பரிவோடு கேட்டார்.

"இல்லை, தம்பி" என்றார் அக்கா. "இவ ரீச்சர். எனக்குச் சோதினை வைக்கிறா."

அந்தத் திறமைதான் அவரை வாழவைத்தது. "பின்னுக்கு நிக்கிற ஆளா நிண்டாலும் என்ரை முகம் தெரியும். கதாநாயகியளுக்கு அதுதான் என்னோடை கோவம்" என்பார். நாலாவது படத்தில் அவரே கதாநாயகியானார். ஆனால் அந்தப் படங்களில் பேசியது அவருடைய குரல் அல்ல. எங்கள் யாழ்ப்பாணப் பேச்சு படத்துக்கு ஒத்துவராது என்று சொல்லி வேறொரு பெண்ணைப் பேசவைத்தார்கள். மகள் நடிக்கப் போனதால் தகப்பன் அவரோடு கதைப்பதை நிறுத்தியிருந்தார். ஒரு நாள் யாருக்கும் சொல்லாமல் நகரத்துத் தியேட்டருக்குப் போய்ப் படத்தைப் பார்த்துவிட்டு வந்து, சாப்பிட உட்கார்ந்தவர், "உன்ரை குரல் உப்பிடி இல்லையே" என்றாராம். பல ஆண்டுகளுக்குப் பிறகு அவர் மகளோடு கதைத்த முதல் வார்த்தை அது.

பிறகு இங்கே தமிழ்ப்படம் எடுப்பது ஏறத்தாழ நின்றுபோனது. அக்கா கொழும்பில் வானொலி நாடகங்களுக்குப் போனார். "முந்தி முகம் மட்டும், பிறகு குரல் மட்டும். ரண்டையும் சேத்து ஒருத்தரும் வாங்கேல்லை" என்று பகிடி விடுவார். இனக்கலவரத்தில் கொழும்பில் அவர் இருந்த வீட்டை எரித்தபோது, உடுத்த சேலையோடு கப்பலில் ஊருக்கு வந்து சேர்ந்தார். மின்சாரம் இல்லாத போர் ஆண்டுகளில் பெற்றோல்மாக்ஸ் விளக்கின் கீழ் மேடை நாடகங்கள் நடித்தார். போர் முடிந்ததும் வீடியோப் படங்கள் வந்தன, அம்மா வேடங்கள் வந்தன, அழுகை வந்தது. இந்த வரிசையை அவர் சொல்லும்போது தன்னைப் பற்றி இரக்கப்பட்டதை நான் ஒரு தடவையும் கேட்டதில்லை. இரக்கப்படும் இடத்தில் அவர் நிற்கிறாரா என்று கவனித்துக்கொண்டே இருந்தேன். நிற்கவில்லை.

அவர் எடுத்த படத்தின் கதை எளிமையானது. நெடுங்காலம் இடம்பெயர்ந்திருந்த கரையோரப் பெண் ஒருத்தி தனியே ஊருக்குத் திரும்புகிறாள். வீடு இருந்த இடத்தில் அத்திவாரம் மட்டும் இருக்கிறது. அவள் அழுவதில்லை. மீனைப் பிளந்து, உப்பிட்டு, காயவைத்து, கருவாடு விற்று மீண்டும் ஒரு வீட்டைக் கட்டத் தொடங்குகிறாள். அவ்வளவுதான். சண்டிலிப்பாய் உறவினர் ஒருவர், "உங்களுக்கு உதைவிட நல்ல வேசம் கிடைக்கேல்லையோ?" என்று முகம் சுழித்தார். "நான் ராணி வேசம் போட்டபோதும் நீங்கள் என்னை வீட்டுக்குக் கூப்பிடேல்லையே" என்றார் அக்கா. தோட்டத்துக் காணியில் ஒரு பகுதியை விற்றே படம் எடுக்கிறார் என்று எனக்குப் பிறகுதான் தெரிந்தது. அதைப் பற்றி அவர் பேசியதில்லை.

தயாரிப்பாளராக அவர் செய்த முதல் வேலையைக் கண்டு எல்லாரும் சிரித்தார்கள். பருத்தித்துறைப் பக்கமாகக் கடற்கரை ஒன்றைத் தெரிந்தெடுத்ததும், அங்கே பெண்களுக்கு ஒரு மலசலகூடமும் உடுப்பு மாற்ற ஒரு கொட்டிலும் கட்டச் சொன்னார். "கமரா வரமுதல் கக்கூசு வந்திட்டுது" என்று கமராக்காரத் தம்பி சொல்ல, சுதர்சன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை. "விடிய நாலு மணிக்குத் தண்ணி குடிக்காமல் போய், இருட்டுப்பட்டாப் பிறகு பத்தைக்குள்ளை ஒதுங்கி, அப்பிடி நடிச்ச படங்களைத்தான் நீங்கள் பழைய படம், நல்ல படம் எண்டு சொல்லுறியள்" என்றார். படப்பிடிப்பு முடிந்த பிறகும் அந்தக் கட்டடம் அங்கேயே இருக்கிறது. கரைப் பெண்கள் பாவிக்கிறார்கள்.

யோகம் அந்தக் கரைக்காரர். அறுபது வயது இருக்கும். பிறந்ததிலிருந்து மீனோடு வாழ்ந்தவர். மீனை எப்படிப் பிளப்பது, எப்படி உப்பிடுவது என்று நடிகைக்குக் காட்டிக்கொடுக்க அவரை அழைத்திருந்தோம். அக்கா இரண்டே நாளில் கத்தியைப் பழகிவிட்டார். மூன்றாம் நாள் யோகத்தின் வேகத்தில் பாதி வேகத்துக்கு வந்துவிட்டார். வேலை செய்யும் பெண்கள் ஏழெட்டுப் பேர் சுற்றிவர இருக்க, நடுவில் அக்கா. காலை வெயிலில் முதற் காட்சியை எடுத்தோம். எடுத்து முடிந்ததும் யோகம் கிட்ட வந்தார்.

"அக்கா, நீங்கள் உப்பிடி வெயிலைப் பாத்துக்கொண்டு இருந்து வெட்டினால் மத்தியானத்துக்குள்ளை ஒரு விரல் இராது."

"ஏன்?"

"செதிலிலையும் கத்தியிலையும் பட்டு வெயில் கண்ணுக்கை குத்தும். நாங்கள் எப்பவும் வெயிலுக்கு முதுகைக் குடுத்துத்தான் இருப்பம். காலமை ஒரு பக்கம், பின்னேரம் மற்றப் பக்கம். பாருங்கோ, உவையள் எல்லாம் எப்பிடி இருக்கினம் எண்டு."

பார்த்தோம். அத்தனை பெண்களும் மேற்கே பார்த்திருந்தார்கள். அக்கா ஒருவர் மட்டும் கிழக்கே பார்த்திருந்தார். இயக்குநருக்கும் கமராக்காரருக்கும் எனக்கும் அது தெரியவில்லை. படங்களில் முகம் வெளிச்சத்தைப் பார்த்துத்தான் இருக்கும் என்று நாங்களும் பழகியிருந்தோம்.

அக்காவைத் திருப்பி இருத்தி மீண்டும் எடுத்தோம். காட்சிகளின் தொடர்ச்சியைக் கவனித்துக் குறித்துக்கொள்வது என் பொறுப்பு. முதலில் ஒன்றும் எழுதவில்லை. பிறகு "தலை வலப்பக்கம்" என்று எழுதினேன். அடுத்த தடவையும் அதையே எழுதினேன். கமராவுக்கு வலப்பக்கம் வெள்ளையடித்த சுவர் ஒன்று இருந்தது. சுவரைத் துணியால் மூடினோம். பிறகு "தலை இடப்பக்கம்" என்று எழுதினேன். இடப்பக்கம் கடல். முதுகில் வெயில் இருந்தாலும், எங்காவது ஓரிடத்தில் திரும்பி வருகிற வெளிச்சத்தை அந்த முகம் கண்டுபிடித்து, ஒருவரும் அறியாத மெதுவில், அதனிடம் போனது.

மூன்று நாட்கள் அப்படி எடுத்தோம். மூன்றாம் நாள் பின்னேரம், கொட்டிலின் யன்னலைத் தடித்த படங்குத் துணியால் மூடி, மடிக்கணினியில் எல்லாவற்றையும் பார்த்தோம். அக்கா, சுதர்சன், கமராக்காரத் தம்பி, யோகம், நான். முடிந்ததும் சுதர்சன் கைதட்டினார். "அக்கா, இதுக்கு மேலை ஒருத்தராலையும் செய்ய ஏலாது" என்றார்.

அக்கா என்னைப் பார்த்தார். "ரீச்சர் ஏன் பேசாமல் இருக்கிறா?"

"நல்லா இருக்கு."

"நல்லா இருக்கெண்டு சொல்லவோ உம்மைக் கூட்டிக்கொண்டு வந்தனான்?"

ஒரு பெண் தன் வாழ்நாள் முழுதும் காத்திருந்த ஒரே வேடம் அது. நான் பேசாமல் இருந்தால் அது அவருக்கு இருக்கும். இரண்டு வாரத்தில் படம் முடியும். விமர்சகர்கள் புகழ்வார்கள், நான் உட்பட. இதையெல்லாம் யோசித்துவிட்டுத்தான் சொன்னேன்.

"மற்றப் பொம்பிளையள் எல்லாரும் மீனைப் பாக்கினம், அக்கா. நீங்கள் மட்டும் வெளிச்சத்தைப் பாக்கிறியள்."

யோகம் தலையாட்டினார். "ஓம். இவ வேலை செய்யிற ஆள் மாதிரி இல்லை. வேலை செய்யிற ஆக்களைப் பாக்க வந்த வடிவான ஆள் மாதிரி."

அக்கா சிரித்தார். பிறகு எங்களை வெளியே போகச் சொல்லிவிட்டு, தனியே இருந்து திரும்பப் பார்த்தார். வெளியே வந்தபோது, "நாளைக்கு விடிய இன்னும் ஒருக்கா" என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் காலை சுவரையும் மூடி, வெளிச்சம் திருப்பும் வெள்ளைப் பலகைகளையும் எடுத்துவிட்டு ஆரம்பித்தோம். அக்கா வெயிலுக்கு முதுகு கொடுத்து இருந்தார். தலை குனிந்திருந்தது. கத்தி போய் வந்தது. ஒரு நிமிடம், இரண்டு நிமிடம். கொப்பியில் எழுத எதுவும் இருக்கக் கூடாது என்று விரும்பினேன். அப்போது ஒரு முகில் விலகியது. அலை வடிந்த ஈரமணல் முழுவதும் பளிச்சென்று மின்னியது. அவருடைய முகம் நிமிர்ந்து, நாடி இரண்டு விரற்கடை உயர்ந்தது.

"கட்" என்றது ஒரு குரல். சுதர்சன் அல்ல. இயக்குநரைத் தவிர வேறொருவரும் சொல்லக்கூடாத அந்தச் சொல்லை, ஐம்பது ஆண்டில் முதல் தடவையாக அக்கா சொன்னார். கத்தியைக் கீழே வைத்தார்.

"பழக்கின முகம், ரீச்சர். இப்ப நான் சொன்னாலும் கேக்குதில்லை."

சுதர்சன் ஓடிவந்தார். "அக்கா, இது ஒருத்தருக்கும் தெரியாது. படம் பாக்கிற சனம் உங்களைத்தான் பாக்கும்."

"அதுதானே பிழை. யோகத்துக்குத் தெரிஞ்சுது. இந்தக் கரையிலை இருக்கிற அவ்வளவு பொம்பிளையளுக்கும் தெரியும். அவையளைப் பற்றிப் படம் எடுத்துப்போட்டு அவையளையே பேய்க்காட்டச் சொல்லுறீரோ?"

"அப்ப என்ன செய்யிறது?"

அக்கா எழுந்து, கையை உப்புத் தண்ணீரில் கழுவினார். "இவ்வளவு நேரமும் நடிகை கதைச்சவ. இப்ப தயாரிப்பாளர் கதைக்கிறன். நடிகையை மாத்தும்."

"ஆரைப் போடுறது?"

அவர் யோகத்தைப் பார்த்தார். யோகம் பின்வாங்கினார். "ஐயோ, எனக்கென்ன விசரே? எனக்கு நடிக்கத் தெரியாது."

"நடிக்கத் தெரிஞ்ச ஆளைத்தான் இப்ப நிப்பாட்டினது. இரும் அதிலை."

தியாகம் என்ற சொல்லில் எனக்கு எப்போதும் சந்தேகம் உண்டு. பெரும்பாலும் அது பார்ப்பவர்களுக்காகச் செய்யப்படுவது. இதுவும் இன்னொரு நடிப்பாக இருக்குமோ என்று அன்று முழுவதும் அவரைக் கவனித்தேன். அவர் முனிவரைப் போல நடந்துகொள்ளவில்லை. யோகத்தின் முதற் காட்சிகள் மோசமாக இருந்தபோது என் காதருகே, "நான் இதைவிட நல்லாச் செய்தனான், என்ன?" என்று பொறாமையோடு கேட்டார். மத்தியானம் சோறு வேண்டாம் என்றார். யாரோ ஆறுதல் சொல்லப் போக, எரிந்து விழுந்தார். பிறகு, யோகம் கமராவுக்குப் பயந்து பயந்து பார்ப்பதைக் கண்டு, "'நடிக்காதை, நடிக்காதை' எண்டு அவவுக்குச் சொல்லாதேங்கோ. அப்பத்தான் நடிப்பா. ரண்டு கடகம் மீனைக் கொண்டுவந்து குடுங்கோ. பழுதாப்போகமுதல் முடிக்கவேணும் எண்டு சொல்லுங்கோ" என்றார். மீன் வந்தது. யோகம் மீனைப் பார்த்தார். கமராவை மறந்தார்.

வெயிலுக்கு முதுகு கொடுத்திருப்பவரின் முகம் இருண்டு தெரியும். அதனால் எதிரே வெள்ளைப் பலகை பிடித்து வெளிச்சத்தைத் திருப்பவேண்டும். பலகை பிடித்தவர்கள் அதை எங்கெங்கோ திருப்பினார்கள். யோகம் கண் கூசிக் கத்தினார். அக்கா பொறுக்க முடியாமல் எழுந்து போய்ப் பலகையை வாங்கினார். கண்ணைக் கூசவைக்காமல், ஆனால் முகத்தின் ஒவ்வொரு சுருக்கமும் தெரியும்படி, வெளிச்சத்தை எங்கே வைக்கவேண்டும் என்று அங்கே அவர் ஒருவருக்குத்தான் தெரிந்திருந்தது. மீதிப் படம் முழுவதும் பலகையை அவரே பிடித்தார். தோள் நோகுது என்று முறைப்பட்டார். இருக்க ஒரு வாங்கு கேட்டார், தைலம் கேட்டார், தேத்தண்ணி பிந்தியதற்கு ஏசினார். ஆனால் பலகை அசையவில்லை. நான் என் கொப்பியைப் பார்க்க மறந்து அவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த ஆச்சரியம் இன்றும் எனக்கு அடங்கவில்லை.

படத்தை முதலில் அந்தக் கரையூர்ப் பாடசாலை மண்டபத்தில்தான் காட்டவேண்டும் என்று அக்கா பிடிவாதமாக நின்றார். நல்லூரில் காட்டியது பிறகுதான். மீன் வெட்டும் காட்சி வந்தபோது எங்களுக்கு முன் வரிசையில் இருந்த ஒரு பெண், "மெய்யே, உது எங்கடை யோகமெல்லே! வீட்டிலையும் உப்பிடித்தான் முகத்தை வச்சிருப்பாள்" என்று சத்தமாகச் சொல்ல, மண்டபம் சிரித்தது. அக்கா என் கையைக் கிள்ளினார். "பாத்தீரே, ஒருத்தரும் இதைப் படமெண்டு நினைக்கேல்லை." திரையில் எங்கேயும் அவர் இல்லை. படத்தின் முடிவில் ஓடிய பெயர் எழுத்துகளில் ஒரு வரி மட்டும் வந்தது: தயாரிப்பு, கமலாசனி.

சில மாதங்களுக்குப் பிறகு, அவர் நடித்த அந்த மூன்று நாட் காட்சிகளைச் சுதர்சன் அழிக்காமல் வைத்திருக்கிறார் என்று அவருக்குத் தெரியவந்தது. ஒரு பின்னேரம், அன்று கொட்டிலில் அவரோடு பார்த்த எங்கள் நாலு பேரையும் சண்டிலிப்பாய் வீட்டுக்குக் கூப்பிட்டார். பலகாரம் சுட்டு வைத்திருந்தார். "ஒருக்காப் பாப்பம். பிறகு அழிப்பம்" என்றார்.

பார்த்தோம். முடிவில், ஈரமணல் மின்னிய அந்தக் கடைசித் துண்டும் வந்தது. நாடி உயர்ந்தது. வெளிச்சம் கன்னத்தில் ஏறியது.

"நல்லா இருக்கிறன், என்ன?" என்று என்னைக் கேட்டார்.

"ஓம் அக்கா. இவ்வளவு நல்ல ஒண்டை நான் பாத்ததில்லை."

"அண்டைக்கே சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தால் நீங்கள் விட்டிருக்க மாட்டியள்."

அவர் நீண்ட நேரம் சிரித்தார். அழிக்க வேண்டாம், ஒரு சான்றாகவாவது இருக்கட்டும் என்று நான் வாதாடினேன். நான் கற்ற கல்வி அப்படி. எதையும் எறியாது. "வச்சிருந்தால் எனக்கு ஒரு நாளைக்கு ஆசை வரும்" என்றார். "எனக்கு வராட்டில் உவன் சுதர்சனுக்கு வரும். நான் செத்தாப் பிறகு எடுத்துப் போடுவான். சனம் யோகத்தை விட்டிட்டு என்னைப் பாக்கும்." எந்தப் பொத்தான் என்று சுதர்சனிடம் கேட்டு, தானே அழுத்தினார். பிறகு பலகாரத் தட்டை நீட்டினார்.

அவரிடமிருந்து எனக்கு ஒரு புகைப்படமும் இல்லை, கடிதமும் இல்லை. என்னிடம் இருப்பது அந்த ஒரு காட்சிதான். எழுபது வயது கடந்த ஒரு பெண் வெயிலுக்கு முதுகு காட்டி இருக்கிறார். கையில் கத்தி. முகில் விலகுகிறது. தான் தோற்றுவிட்டதை அவர் அறியும் கணமும் அவர் மிக அழகாக இருக்கும் கணமும் ஒன்றாகவே வருகின்றன. நான் சந்தேகக்காரி. ஆனால் அதைக் கண்ணால் கண்டேன். திரையில் அதைக் கண்டவர்கள் ஐந்து பேர். இப்போது நாலு பேர்.